வாணமும் ஏவுகணையும்: மைசூர் வாணப்படையைக் குறித்த சில தெளிவுகள்

முன்னுரை

ஆசிரியர் பயிற்சி மாணவர்களுக்கு 'இந்தியரின் அறிவியல் மரபு' என்னும் தலைப்பில் கட்டுரைப் பயிற்சி அளிக்கும்போதெல்லாம் ஒரு தொடர் தவறாமல் நம் பார்வைக்கு வந்து சேர்கின்றது. 'உலகின் முதல் ஏவுகணையைக் கண்டுபிடித்தவர் மைசூர் மன்னர் திப்பு சுல்தான்' என்பதே அத்தொடர். சில ஆண்டுகளுக்கு முன்பு, திருத்திய 30 கட்டுரைகளுள் ஏழில் இதே தொடர் ஓர் எழுத்தும் மாறாமல் இடம்பெற்றிருக்கக் கண்டோம். மாணவர்களைக் குறை கூறுவதற்கில்லை. அவர்கள் படித்த துணைநூல்களும் கேட்ட மேடைப் பேச்சுகளும் அவ்வாறே கூறுகின்றன.

இத்தொடரில் 'முதல்' என்பதும் பிழை. 'ஏவுகணை' என்பதும் பிழை. 'கண்டுபிடித்தவர்' என்பதும் பிழை. எனினும் இத்தொடரை முற்றாக அடித்துவிட நம் கை எழவில்லை. ஏனெனில் இதன் அடியில் மறுக்கவியலாத ஓர் உண்மை கிடக்கின்றது. பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் போர்க்கள வாணத்தை மைசூர் அரசு கையாண்ட அளவிற்கு வேறெந்த அரசும் கையாளவில்லை. ஐரோப்பியர் அதனைக் கண்டு வியந்து, எடுத்துச்சென்று, தம் நாட்டில் வளர்த்தெடுத்தனர். பிழையான பெருமையைக் கற்பிக்கும் ஆசிரியர், சரியான பெருமையைத் தம்மையறியாமலே மறைத்துவிடுகின்றார். அவ்விரண்டையும் பிரித்துக் காட்டுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

சொல்லும் பொருளும்

முதற்கண் சொல்லைத் தெளிவுபடுத்திக்கொள்வோம். 'ஏவுகணை' என்பது இருபதாம் நூற்றாண்டில் வழக்கூன்றிய கலைச்சொல். ஏவிய கணை, ஏவுகின்ற கணை, ஏவும் கணை என முக்காலமும் கரந்து நிற்கும் அழகிய வினைத்தொகை அது. ஆயினும் இன்று அச்சொல் சுட்டும் பொருள், பறக்கும் வேளையில் தன் பாதையைத் தானே திருத்திக்கொள்ளும் அல்லது பிறரால் திருத்தப்பெறும் கருவியாகும். மலாய் மொழியில் இதனைப் 'பெலுரு பெர்பாண்டு' என்பர். 'வழிநடத்தப்படும் குண்டு' என்பது அதன் நேர்ப்பொருள். வழிநடத்தல் என்னும் கூறு தமிழ்ச்சொல்லைக் காட்டிலும் மலாய்ச் சொல்லில் வெளிப்படையாக உள்ளது என்பதை நாம் ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

வழிநடத்தல் இன்றி, தன்னுள் அடைத்த எரிபொருளின் உந்துவிசையால் மட்டும் பாய்வது ராக்கெட்டு. இதனை 'உந்துகணை' என்றும், விண்வெளிக்குச் செல்வதாயின் 'ஏவூர்தி' என்றும் இன்று எழுதுகின்றோம். ஆனால் இப்பொருளுக்குத் தமிழில் முன்பே ஒரு சொல் உண்டு. தீபாவளி இரவில் பிள்ளைகள் கொளுத்தும் 'வாணம்' என்பதே அது. அம்பைக் குறிக்கும் 'பாணம்' என்னும் வடசொல்லோடு தொடர்புடையது இச்சொல். வட இந்தியப் படைகளில் போர்க்கள ராக்கெட்டுக்கு வழங்கிய 'பான்' என்னும் பெயரும் அதே வேரினதாகும். ஆகவே, வாணவேடிக்கையில் நாம் காணும் வாணமும் மைசூர் வீரர் தோளில் சுமந்த வாணமும் பெயரால் மட்டுமன்றி இயங்கும் முறையாலும் ஒன்றே. இக்கட்டுரையில் மைசூர்க் கருவியை 'வாணம்' என்றே குறிப்பிடுகின்றோம்.

மைசூருக்கு முன்

வெடிமருந்தின் தாயகம் சீனம் என்பதில் இன்று கருத்து வேறுபாடு இல்லை. 1232ஆம் ஆண்டு மங்கோலியர் கைஃபெங் நகரை முற்றுகையிட்டபோது நகரைக் காத்தவர்கள் 'பறக்கும் தீ ஈட்டி' என்னும் கருவியைப் பயன்படுத்தினர். அது உண்மையான வாணமா, கையிற் பிடித்துத் தீயுமிழச் செய்த குழாயா என்பதில் அறிஞர்கள் உடன்படவில்லை. ஆயினும் 1621இல் மாவோ யுவான்யி தொகுத்த 'வூபெய் சி' என்னும் போர்க்கலை நூலில், ஒரு கூண்டிலிருந்து பல தீயம்புகள் ஒருசேரப் பாயும் அமைப்புகள் படங்களுடன் விளக்கப்பட்டுள்ளன. கொரியாவில் 1448ஆம் ஆண்டளவில் 'சின்கிஜோன்' என்னும் வாணங்கள் அளவுகள் வரையறுக்கப்பட்டுச் செய்யப்பட்டன. இவையனைத்தும் திப்பு பிறப்பதற்கு ஒரு நூற்றாண்டுக்கும் மேலாக முந்தியவை.

இந்தியாவிலும் முகலாயர் காலத்திலேயே வாணம் போர்க்களத்தில் வழங்கியது. மூங்கில் அல்லது தாள் உறையில் வெடிமருந்தைத் திணித்து, நீண்ட கழியில் கட்டி ஏவினர். யானைகளையும் குதிரைகளையும் மிரட்டுவதே அதன் தலையாய பயனாக இருந்தது. தமிழகத்திலும் அது புதியதன்று. ஐதர் அலியின் தந்தை ஃபத் முகம்மது ஆர்க்காட்டு நவாபின் பணியில் இருந்தபோது 50 வாணவீரர்களுக்குத் தலைவராக விளங்கினார் எனக் கூறப்படுகின்றது. அங்ஙனமாயின், மைசூருக்கு இக்கலை வந்த வழிகளுள் ஒன்று ஆர்க்காடு எனலாம்.

இரும்புக் குழாய்

இனி, மைசூர் செய்தது யாது? விடை எளியது: மூங்கிலையும் தாளையும் நீக்கி, அடித்துத் தகடாக்கிய இரும்பினால் குழாய் செய்தது. கேட்பதற்குச் சிறு மாற்றமாகத் தோன்றும் இதன் விளைவை உணர, வாணம் இயங்கும் முறையைச் சற்று நோக்க வேண்டும்.

குழாயினுள் மருந்து எரியும்போது வெப்பமான வளிமம் பெருகுகின்றது. குழாயின் ஒரு முனை அடைபட்டிருப்பதால் மறுமுனையிலுள்ள சிறு துளை வழியே அது பீறிட்டு வெளியேறுகின்றது. அதன் எதிர்விசை குழாயை முன்னே தள்ளுகின்றது. உள்ளே அழுத்தம் மிகுந்தால் மருந்து விரைந்து எரியும்; வெளியேறும் வளிமத்தின் வேகமும் கூடும்; உந்துவிசை பெருகும். ஆனால் அழுத்தம் ஓர் எல்லையைக் கடந்தால் உறை வெடித்துச் சிதறும். தாளும் மூங்கிலும் அவ்வெல்லையை விரைவில் எட்டிவிடுகின்றன. மழையில் நனைந்தாலும் வண்டியில் குலுங்கினாலும் அவை விரிசல் காண்பதும் உண்டு. இரும்பு அந்த எல்லையை வெகுதூரம் தள்ளி வைத்தது. மருந்தை இறுகத் திணிக்கலாம். மிகுந்த அழுத்தத்தில் எரிக்கலாம். பயன், தொலைவாகக் கிடைத்தது. மைசூர் வாணங்கள் 900 மீட்டருக்குக் குறையாமல் சென்றன என்றும், சில 2 கிலோமீட்டரையும் கடந்தன என்றும் கணக்கிடுவர்.

குழாயைத் தோல்வாரினால் மூங்கிற் கழியிலோ வாளின் அலகிலோ கட்டினர். வால்போல் நீண்ட இப்பகுதி, பறக்கும் குழாய் தலைகீழாகச் சுழன்றுவிடாமல் நிலைநிறுத்துவது. வாள் கட்டிய வாணம் தரையில் விழுந்த பின்னும் சுழன்று சுழன்று காலாட்களைத் தாக்கவல்லது. இங்கிலாந்தில் வுல்விச் அருங்காட்சியகத்தில் இருந்த இரு மைசூர் வாணங்களின் அளவுகளை விண்ணியல் பொறியியல் அறிஞர் ரோத்தம் நரசிம்மா 1985இல் வெளியிட்ட ஆய்வில் தந்துள்ளார். ஒன்றன் குழாய் ஏறத்தாழ 58 மில்லிமீட்டர் விட்டமும் 254 மில்லிமீட்டர் நீளமும் உடையது. ஒரு மீட்டருக்குச் சற்றே மிகுந்த நீளமுள்ள வாளில் கட்டப்பட்டது. மற்றொன்று 37 மில்லிமீட்டர் விட்டமுடையது. அதன் மூங்கிற்கழியின் நீளம் ஏறத்தாழ 1.9 மீட்டர். இவ்வளவுகளை நாம் வகுப்பில் கூறும்போது மாணவர் முகங்களில் ஏமாற்றம் தோன்றுவதைக் கண்டிருக்கின்றோம். விண்ணை முட்டும் கருவியை எதிர்பார்த்தவர்களுக்குக் கையடக்கமான குழாய் கிடைத்தால் வேறென்ன தோன்றும்! ஆனால் பயன் அந்தச் சிறுமையிலேயே அடங்கியிருந்தது. பீரங்கியை இழுக்க எருதுகளும் சாலையும் வேண்டும். பின்னுதைப்பைத் தாங்கக் கனத்த வண்டி வேண்டும். வாணத்திற்கு இவை எவையும் வேண்டா. ஒரு வீரன் தோளில் சுமந்து, வயல்வரப்பில் படுத்து, ஏவிவிட்டு ஓடிவிடலாம்.

இதன் குறையையும் மறைக்கலாகாது. குறி தப்பும் கருவி இது. காற்றடித்தால் திசைமாறும், சில வேளைகளில் ஏவியவனை நோக்கியே திரும்பும். எனவே ஒன்றிரண்டாக ஏவினால் வேடிக்கை. நூற்றுக்கணக்கில் ஏவினால்தான் போர். இவ்வுண்மையே மைசூரை இரண்டாவது மாற்றத்திற்கு இட்டுச்சென்றது.

படைப்பிரிவு

நம் கருத்தில் மைசூரின் பெரிய சாதனை இரும்புக் குழாயைவிட இதுவே. ஐதர் காலத்தில் ஏறத்தாழ 1,200 வாணவீரர்கள் இருந்தனர்; திப்புவின் காலத்தில் அத்தொகை 5,000 ஆயிற்று என்பர். திப்புவின் ஆணைப்படி எழுதப்பெற்ற 'ஃபத்குல் முஜாகிதீன்' என்னும் படைநெறி நூலின்படி, 'குஷூன்' என்னும் ஒவ்வொரு படைப்பகுதிக்கும் 200 வாணவீரர்கள் ஒதுக்கப்பட்டனர். குழாயின் அளவையும் இலக்கின் தொலைவையும் கொண்டு ஏவும் சாய்வைக் கணிக்க அவர்கள் பயிற்றுவிக்கப்பட்டனர். பல வாணங்களை ஒருசேர ஏவும் சக்கர வண்டிகளும் இருந்தன. பெங்களூரில் இன்றும் வழங்கும் 'தாரமண்டல்பேட்டை' என்னும் இடப்பெயர் இத்தொழிலோடு தொடர்புபடுத்தப்படுகின்றது.

கருவி பிறரிடமும் இருந்தது. ஆனால் அதற்கெனத் தனி வீரர், தனிப் பயிற்சி, தனிக் கிடங்கு, நிலையான ஒதுக்கீடு ஆகியவற்றை வகுத்து, அதனை ஒரு படையுறுப்பாக்கிய அரசு மைசூரே. 1799இல் சீரங்கப்பட்டணம் வீழ்ந்தபின் ஆங்கிலேயர் எடுத்த கணக்கில் 600 ஏவுகருவிகளும் பயன்படுத்தத்தக்க 700 வாணங்களும் மருந்து நிரப்பாத 9,000 வெற்றுக் குழாய்களும் இருந்தன. ஒன்பதாயிரம் வெற்றுக் குழாய்கள் என்பதை எண்ணிப் பார்க்கவேண்டும். அது ஒரு மன்னரின் கண்டுபிடிப்பைக் காட்டவில்லை; ஒரு தொழிற்கூடத்தைக் காட்டுகின்றது. பெயர் பதியப்படாத கொல்லர்களும் தோல்வேலைக்காரரும் மருந்திடிப்போரும் அதன் பின்னே நிற்கின்றனர்.

புள்ளலூர்

மைசூர் வாணத்தைப் பற்றி எழுதும் எவரும் காஞ்சிபுரத்தை அடுத்த புள்ளலூருக்கு வந்தே ஆகவேண்டும். பல்லவர் வரலாறு படித்தோர்க்கு இவ்வூர் அறிமுகமானதே. முதலாம் மகேந்திரவர்மன் புள்ளலூரில் பகைவரை வென்றதைக் காசாக்குடிச் செப்பேடு கூறுகின்றது. ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்கு மேல் கழிந்து, 1780ஆம் ஆண்டு செப்டம்பர் 10ஆம் நாள் அதே ஊரில் கர்னல் வில்லியம் பெய்லியின் படையை ஐதரும் திப்புவும் வளைத்துக்கொண்டனர். பெய்லி குண்டூர்ப் பகுதியிலிருந்து காஞ்சிபுரம் நோக்கி வந்துகொண்டிருந்தார். அங்கே தளபதி ஹெக்டர் மன்றோ காத்திருந்தார். இடைப்பட்ட தொலைவு சில மைல்களே. மன்றோ உரிய வேளையில் துணைக்கு வரவில்லை. சதுர அணிவகுத்து நின்ற பெய்லியின் படையின் நடுவே வெடிமருந்து வண்டிகள் வெடித்தன. அத்துடன் அப்படையின் எதிர்ப்புக் குலைந்தது. செய்தியறிந்த மன்றோ தம் கனத்த பீரங்கிகளைக் காஞ்சிபுரத்துக் குளத்தில் தள்ளிவிட்டுச் சென்னைக்குப் பின்வாங்கினார்.

அவ்வண்டிகளை வெடிக்கச் செய்தது யாது? வாணமே என்று இன்றைய நூல்கள் பல ஐயமின்றி எழுதுகின்றன. அக்காலப் பதிவுகளோ ஒருமித்துப் பேசவில்லை. சில பீரங்கிக் குண்டைக் கூறுகின்றன. சில வாணத்தைக் கூறுகின்றன. ஐதரின் படையில் வாணங்கள் மட்டுமன்றி வலிமைமிக்க பீரங்கிகளும் பிரெஞ்சு அலுவலர்களும் இருந்தனர் என்பதையும் கருத வேண்டும். நரசிம்மாவும் இதனை வலுவான வாய்ப்பு என்ற அளவிலேயே குறிப்பிடுகின்றார். சீரங்கப்பட்டணத்துத் தரியா தௌலத் மாளிகைச் சுவரில் இப்போரைக் காட்டும் பெரிய ஓவியம் உள்ளது. சதுர அணியின் நடுவே வண்டி வெடிப்பதும் பல்லக்கில் பெய்லி இருப்பதும் அதில் தெளிவாகத் தீட்டப்பட்டுள்ளன. வெற்றி பெற்றோர் தம் வெற்றியை நினைவுகூர்ந்த விதம் அது. வெடிப்புக்குக் காரணம் யாது என்பதற்கு அது சான்றாகாது.

புள்ளலூரைப் பற்றி மேடைகளில் பேசப்படாத செய்தி ஒன்றும் உண்டு. பெய்லியின் படையில் இருந்தோர் ஏறத்தாழ 3,800 பேர். அவர்களுள் மிகப் பெரும்பாலோர் சென்னை இராசதானியில் திரட்டப்பட்ட சிப்பாய்கள். வாணமும் குண்டும் வெடித்த வண்டியின் தீயும் பெரும்பாலும் அவர்கள் மீதே விழுந்தன. 1799இல் சீரங்கப்பட்டணத்தை முற்றுகையிட்ட படையிலும் கும்பினியின் சிப்பாய்களும் ஐதராபாத் நிசாமின் வீரர்களுமே பெரும்பான்மையினர். சிறைப்பட்டு 1782இல் இறந்த பெய்லிக்குச் சீரங்கப்பட்டணத்தில் நினைவுச் சின்னம் உண்டு. சிப்பாய்களின் பெயர்களைத் தேடுவோர்க்கு அத்தகைய இடம் எதுவும் இல்லை. 'நம் வாணம் வெள்ளையனை விரட்டியது' என்று கட்டுரை எழுதும் மாணவரிடம் இதனையும் எடுத்துரைப்பது ஆசிரியரின் கடமை என்று கருதுகின்றோம்.

வாணம் நிச்சயமாகத் தன் ஆற்றலைக் காட்டிய நிகழ்ச்சி வேண்டுமாயின், 1799 ஏப்ரல் 5ஆம் நாள் இரவைச் சுட்டலாம். சீரங்கப்பட்டணத்துக்கு வெளியே சுல்தான்பேட்டைத் தோப்பைக் கைப்பற்றச் சென்ற கர்னல் ஆர்தர் வெல்லெஸ்லி, இருளில் வாணமும் துப்பாக்கிச் சூடும் ஒருசேரப் பாய்ந்ததால் நிலைகுலைந்து பின்வாங்கினார். அவருடைய வீரர் 12 பேர் பிடிபட்டனர், பின்னர்க் கொல்லப்பட்டனர். வாட்டர்லூவில் நெப்போலியனை வென்ற வெல்லிங்டன் பிரபு இவரே. எனினும் மறுநாள் பகலொளியில் அதே தோப்பு ஆங்கிலேயர் வசமானது. ஒரு மாதத்தில், மே 4ஆம் நாள், கோட்டை வீழ்ந்து திப்பு களத்தில் மாண்டார். அதற்கு இரு நாள் முன்பு கோட்டைக்குள் விழுந்த குண்டொன்று வாணக் கிடங்கைத் தாக்கி அதனை வெடிக்கச் செய்தது. சுவரை உடைத்தது பீரங்கி. வாணத்தால் அதனைத் தடுக்க இயலவில்லை. கருவியின் எல்லை அதுவே.

வுல்விச்சும் அதன் பின்னும்

மைசூரிலிருந்து எடுத்துச்செல்லப்பட்ட வாணங்கள் வுல்விச் படைக்கலச் சாலையை அடைந்தன. அங்கு வில்லியம் கான்கிரீவ் 1804 முதல் ஆய்வுகள் நடத்தித் தம் பெயரால் வழங்கும் வாணத்தை உருவாக்கினார். இந்தியாவில் வாணங்கள் போருக்குப் பயன்பட்டதைத் தாம் அறிந்திருந்ததாகக் கான்கிரீவே எழுதியுள்ளார். ஆனால் அவை சிறியன, ஆயிரம் கெஜத்திற்கு மேல் செல்லாதன என்று சேர்த்தும் எழுதினார். கடன்பட்டதை ஒப்புக்கொண்டே கடனின் அளவைக் குறைத்துக் காட்டும் இப்போக்கு, அறிவியல் வரலாற்றில் நாம் பலகாலும் காண்பதுதான். அதே வேளை, கான்கிரீவ் வெறும் படியெடுப்பவர் அல்லர். மருந்தின் கலவையைச் சீராக்கினார், எடைவாரியாக வகைப்படுத்தினார், அவருடைய 32 பவுண்டு வாணம் ஏறத்தாழ 3,000 கெஜம் சென்றது.

1806இல் பூலோன் துறைமுகமும், 1807இல் கோப்பன்ஹேகன் நகரமும் இவ்வாணங்களால் தாக்கப்பட்டன. கோப்பன்ஹேகனில் 25,000 வாணங்கள் ஏவப்பட்டதாகப் பல நூல்கள் எழுதுகின்றன. பிற்கால ஆய்வுகள் அத்தொகையைச் சில நூறாகக் குறைத்துள்ளன. நகரை எரித்ததில் பெரும்பங்கு பீரங்கிக் குண்டுகளுடையது. மிகைப்படுத்தல் நமக்கு மட்டும் உரிய நோயன்று என்பதற்கு இதனைக் காட்டலாம். 1813இல் லைப்சிக் போரில் கேப்டன் ரிச்சர்ட் போக் தலைமையில் தனி வாணப்படை ஒன்று ஈடுபட்டது. அவர் அப்போரில் மாண்டார். 1814இல் பால்டிமோர் துறைமுகத்தின் மீது ஏவப்பட்ட வாணங்கள் அமெரிக்க நாட்டுப்பண்ணில் இடம்பெற்றன. அதன்பின் வாணம் கிழக்கே திரும்பியது. 1824 முதல் 1826 வரை நடந்த முதல் பர்மியப் போரிலும், 1841இல் சீனக் கடற்கரையிலும் ஆங்கிலேயர் அதனைப் பயன்படுத்தினர். ஆசியாவில் கற்றதை ஆசியர் மீதே ஏவினர்.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் சுரிகுழல் பீரங்கிகள் பரவியதும் வாணம் ஒதுங்கியது. மீண்டும் அது பெரும்படைக்கலமாக எழுந்தது இரண்டாம் உலகப்போரில்தான். 1941 சூலை 14ஆம் நாள் ஓர்ஷா நகரில் சோவியத் படையினர் முதன்முதலாக ஏவிய 'கத்யூஷா', திப்புவின் சக்கர வண்டியின் வழித்தோன்றல் போன்றது: குறி சற்றுத் தப்பினாலும் தொகையால் தாக்குவது. 1944 செப்டம்பரில் இலண்டன் மீது விழத்தொடங்கிய செருமானிய வி-2 முற்றிலும் வேறு வகை. சுழலியின் துணையால் தன் திசையைத் தானே காத்துக்கொண்டு, ஒரு டன் வெடிபொருளை ஏறத்தாழ 320 கிலோமீட்டருக்குக் கொண்டுசென்றது. வாணம் ஏவுகணையான இடம் இதுவே. இன்றும் இவ்விரு மரபுகளும் தனித்தனியே தொடர்கின்றன. மலேசிய இராணுவத்தின் அஸ்ட்ரோஸ், இந்தியாவின் பினாகா ஆகியவை முதல் மரபைச் சார்ந்தவை. பினாகா 44 விநாடிகளில் 12 ராக்கெட்டுகளை ஏவவல்லது. 1999ஆம் ஆண்டுக் கார்கில் போரில் அது பயன்பட்டது. எனினும் இத்தகைய கருவிகளுக்கு வழிநடத்தும் வகைகளும் வந்துவிட்டமையால் இடைக்கோடு இன்று மங்கிவருகின்றது.

இன்றைய ஏவுகணைப் படைகள்

இந்தியாவில் ஒருங்கிணைந்த ஏவுகணைத் திட்டம் 1983இல் தொடங்கியது. இராமேசுவரத்தில் பிறந்த ஆ.ப.ஜெ. அப்துல் கலாம் அதற்குத் தலைமை தாங்கினார். 1988 பிப்ரவரியில் பிருத்வியும் 1989 மே மாதத்தில் அக்னியும் முதன்முதலாகச் சோதிக்கப்பட்டன. கலாம் 1963இல் அமெரிக்காவில் பயிற்சி பெற்றபோது, வாலப்ஸ் தீவு விண்வெளி நிலையத்தில் திப்புவின் வாணப்படை போரிடும் ஓவியத்தைக் கண்டதைத் தம் தன்வரலாற்றில் குறிப்பிடுகின்றார். தன் நாட்டில் மறக்கப்பட்டதை அயல்நாட்டுச் சுவரில் கண்ட அவருடைய வியப்பே, திப்புவின் பெயரைத் தமிழ் மாணவரிடையே பரப்பியது என்று நாம் கருதுகின்றோம். கலாம் கண்டது வாணம்; மாணவர் எழுதுவது ஏவுகணை. இடையில் நழுவியது ஒரு சொல்.

ஏவுகணையை யார் கையில் ஒப்படைப்பது என்னும் கேள்விக்கு நாடுகள் தந்த விடைகள், மைசூரின் ஒழுங்கமைப்போடு ஒப்பிடத்தக்கவை. திப்பு வாணவீரரை ஒவ்வொரு படைப்பகுதிக்கும் பகிர்ந்தளித்தார். ஆங்கிலேயர் அவர்களைத் தனிப்பிரிவாக்கினர். சீனம் இரண்டாம் வழியை அதன் எல்லைவரை கொண்டுசென்றது. 1966இல் 'இரண்டாம் பீரங்கிப்படை' என்னும் மறைபெயரில் அமைத்த பிரிவை, 2015 டிசம்பர் 31ஆம் நாள் 'ராக்கெட் படை' எனப் பெயரிட்டுத் தரை, கடல், வான்படைகளுக்கு நிகராக உயர்த்தியது. பாகிசுதான் 2025 ஆகசுட்டில் தன் இராணுவத்தில் தனி ராக்கெட் படைத் தலைமையகம் அமைப்பதாக அறிவித்தது. இந்தியா 2003 சனவரியில் முப்படைக்கும் பொதுவான வியூகப்படைத் தலைமையகத்தை உருவாக்கி, அணு ஆயுத ஏவுகணைகளை அதன் பொறுப்பில் வைத்தது. ஏவும் முடிவு அரசியல் தலைமையிடமே உள்ளது. 5,000 கிலோமீட்டருக்கு மேல் செல்லவல்ல அக்னி-5 முதலில் 2012 ஏப்ரலில் சோதிக்கப்பட்டது. 2024 மார்ச்சில் ஒரே ஏவுகணையில் பல போர்முனைகளைத் தாங்கும் வகையில் அது மீண்டும் சோதிக்கப்பட்டது. தோப்புக்குள் படுத்திருந்த வாணவீரன் எப்போது ஏவுவதென்று தானே முடிவு செய்தான். இன்றைய ஏவுகணை வீரனின் பயிற்சியில் பெரும்பகுதி, ஆணை வரும்வரை ஏவாதிருப்பதற்கானது.

வகுப்பறைக்கு

கருநாடக மாநிலம் சிவமொக்கா மாவட்டத்தில் நகரா என்னும் ஊர் உள்ளது. 1763இல் ஐதர் கைப்பற்றித் தம் பெயரிட்ட பிதனூரே அது. அங்கு 2018இல் தூர்ந்துபோன கிணறு ஒன்றைத் தொல்லியல் துறையினர் தோண்டியபோது ஆயிரத்துக்கும் மேற்பட்ட இரும்புக் குழாய்கள் கிடைத்தன. கிணற்றுச் சேற்றில் வெடிமருந்தின் மணம் இருந்ததாம். ஆசிரியர்கள் தம் பாடத்திற்கு எடுத்துக்கொள்ளத்தக்க நற்சான்று இதுவே. புள்ளலூர் வண்டியை வெடிக்கச் செய்தது யாது என்னும் விவாதம் இதற்கு வேண்டா, ஓவியமும் வேண்டா. குழாய்களின் படத்தைக் காட்டி, மூங்கிலுக்கு மாற்றாக இரும்பு ஏன் என்று வினவினாலே அறிவியலும் வரலாறும் ஒருசேர வந்துவிடும்.

முற்கூறிய ஏழு கட்டுரைகளை எழுதியோரிடம் அத்தொடரைத் திருத்தி எழுதுமாறு பணித்தோம். ஒரு மாணவி எழுதித் தந்தது இது: 'பிற நாடுகளிலும் வழங்கிவந்த வாணத்திற்கு இரும்புறை அமைத்து, அதற்கென ஆயிரக்கணக்கான வீரர்களைப் பயிற்றுவித்தவர்கள் ஐதர் அலியும் திப்பு சுல்தானும்.' முழு மதிப்பெண் அளித்தோம். தாளைப் பெற்றுக்கொண்ட அவர், 'பெய்லியின் சிப்பாய்களைப் பற்றியும் ஒரு வரி சேர்க்கலாமா, ஐயா?' என்று கேட்டார்.